அரை டிகிரிக்குள் தெரியும் விஷம்

2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் பாக்கெட் சாராயம் குடித்தவர்கள் வாந்தி, வயிற்றுவலி, கண் மங்கல் என்று அரசு மருத்துவமனைக்கு வந்துகொண்டே இருந்தார்கள். சேலம், விழுப்புரம், புதுச்சேரி ஜிப்மர் என்று பலரை அனுப்பிவைத்தும் 60க்கும் மேற்பட்டோர் இறந்துபோனார்கள். போலீசார் கல்வராயன் மலையேறி ஊறல்களை அழித்தார்கள். ஆனால் உயிரைப் பறித்தது ஆலைகளில் புழங்கும் மெத்தனால்.

மெத்தனால் உள்ளே போனவரும் வெறும் போதையில் இருப்பவரும் முதல் சில மணி நேரம் ஒரே மாதிரிதான் தெரிவார்கள். மெத்தனாலை நேரடியாக அளக்கும் கேஸ் குரோமட்டோகிராபி எல்லா மருத்துவமனையிலும் இருப்பதில்லை. சில நிமிடங்களில் துப்புக் கொடுப்பது ஆஸ்மோமீட்டர்.

கரைசலில் எத்தனை துகள்கள் கரைந்திருக்கின்றன என்பதை அது அளக்கிறது. துகள் கூடக்கூட உறைநிலை இறங்கும். துகள் எண்ணிக்கையின் அலகு ஆஸ்மோல்; ஒரு கிலோ நீருக்கு ஒரு ஆஸ்மோல் என்றால் உறைநிலை 1.86 டிகிரி செல்சியஸ் இறங்கும். ரத்தத்தின் சீரம் சில துளிகளைச் சிறு குழாயில் விட்டுக் குளிரூட்டுவார்கள். உறைநிலைக்குக் கீழே போயும் அது திரவமாகவே நிற்கும். அப்போது கருவி ஓர் அதிர்வு கொடுக்கும். சட்டென்று பனிப்படிகம் படரும். உறையும்போது வெளிப்படும் வெப்பத்தில் வெப்பநிலை ஏறி ஓரிடத்தில் நிலைகொள்ளும். அந்தப் புள்ளியே கணக்கு.

இயல்பான சீரத்தின் அளவு 275 முதல் 295 மில்லி ஆஸ்மோல். சோடியம் 140, சர்க்கரை 90, யூரியா 30 உள்ளவருக்கு, சோடியத்தின் இரு மடங்கோடு சர்க்கரை, யூரியாவின் பங்கைச் சேர்க்கும் சூத்திரப்படி 280, 5, 5 சேர்ந்து 290 வரும். கருவி 340 காட்டினால், கணக்கில் வராத 50 என்ற இந்த இடைவெளி எங்கிருந்து வந்தது? வெப்பமானியில் இது ஒரு டிகிரியில் பத்தில் ஒரு பங்குகூட இல்லாத வித்தியாசம். டெசிலிட்டருக்கு 100 மில்லிகிராம் மெத்தனால் மட்டுமே சுமார் 31 சேர்த்துவிடும். சாதாரண மதுவும் இடைவெளியைக் கூட்டும் என்பதால் அதன் அளவைத் தனியே பார்த்துக் கழிக்க வேண்டும்.

இந்தத் துப்புக்கு ஆயுள் குறைவு. கல்லீரல் மெத்தனாலைப் பார்மிக் அமிலமாக மாற்ற மாற்ற இடைவெளி சுருங்கும், ரத்தத்தில் அமிலத்தன்மை ஏறும், பார்வை போகும். தாமதமாக வந்தவரிடம் இடைவெளி இல்லாததைப் பார்த்து ஆபத்தில்லை என்று அனுப்பிவிடக் கூடாது. ரத்த வாயுப் பரிசோதனையும் கட்டாயம். சீக்கிரமே தெரிந்தால் அந்த மாற்றத்தை ஃபோமெபிசோல் என்ற மருந்து கொண்டு தடுக்கலாம், டயாலிசிஸ் செய்யலாம்.

சாராயப் புழக்கமுள்ள ஒவ்வொரு மாவட்டத் தலைமை மருத்துவமனையிலும் இந்தக் கருவி இருக்க வேண்டும். வாங்கும்போது உறைநிலை வகையையே கேட்டு வாங்க வேண்டும். ஆவியழுத்த வகையில் எளிதில் ஆவியாகும் மெத்தனால் சரியாகப் பதிவாகாது.