பாலைவனத்துக்கு இசை தந்த பிரெஞ்சுக்காரர்

பேராதனை தாவரவியல் பூங்காவில் 'த பிரிட்ஜ் ஒன் த றிவர் குவாய்' திரைப்படத்தின் சில காட்சிகள் எடுக்கப்பட்டன. அதற்கான பாலம் கித்துல்கலையில் களனி கங்கையின் மீது கட்டப்பட்டு, 1957 மார்ச்சில் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டது. இவற்றை நாம் இன்றும் பெருமையுடன் பேசுகின்றோம். அப்படத்தின் இசை பற்றிப் பேசுவதோ குறைவு.

இசையமைத்தவர் ஆங்கிலேயரான மல்கம் ஆர்னோல்ட். கைதிகள் சீழ்க்கையடித்து அணிவகுக்கும் மெட்டு அவருடையதன்று. அது 1914இல் எழுதப்பட்ட 'கேர்னல் போகி'. அதனோடு இணைந்தொலிக்கும் இன்னொரு அணிநடை மெட்டையே ஆர்னோல்ட் புனைந்தார். ஒஸ்கார் விருது கிடைத்தது. நெறியாளர் டேவிட் லீனின் அடுத்த படமான 'லோரன்ஸ் ஒப் அரேபியா'வுக்கும் அவரே நாடப்பட்டார், அவர் ஏற்கவில்லை. அந்த வெற்றிடமே மொரிஸ் ஜாருக்கு வாசலாயிற்று.

1924இல் லியோன் நகரில் பிறந்த ஜார், பொறியியலைக் கைவிட்டு இசைக்கு வந்தவர். பாரிஸ் இசைக் கல்லூரியில் அவர் பயின்றது தாள வாத்தியம். பின்னர் ஜான் விலாரின் தேசிய மக்கள் அரங்கில் நாடகங்களுக்கு இசையமைத்தார். இப்பின்னணியை அறியாமல் அவரது பாணியை விளங்கிக்கொள்ள இயலாது. 1962இல் வெளியான 'லோரன்ஸ்' படத்தில், முதற்காட்சி தோன்றுமுன்னரே இருண்ட திரையின் மீது பேரிகைகள் முழங்குகின்றன. எசல பெரஹராவின் மேளமுழக்கத்தில் வளர்ந்த எம் செவிக்கு அது அந்நியமன்று. பாலைவனத்தின் வெறுமைக்கோ அவர் 'ஒந்த் மார்த்தெனோ' என்னும் பிரெஞ்சு மின்னிசைக் கருவியை நாடினார். ஏறத்தாழ ஆறு வாரங்களில் முடிக்கப்பட்ட பணி அது என்பதை நம்புவது கடினம்.

'டொக்டர் ஷிவாகோ' (1965) பெரும்பாலும் ஸ்பெயினில் எடுக்கப்பட்ட ரஷ்யக் கதை. ஜார் ரஷ்யாவின் பலலைக்கா நரம்பிசைக் கருவியைத் தேடி, லொஸ் ஏஞ்சல்ஸிலுள்ள ரஷ்யத் தேவாலயமொன்றின் கலைஞர்களை அழைத்துவந்தார். அவர்களுக்கு இசைக்குறிப்பு வாசிக்கத் தெரியாது, செவிவழியே கற்றனர். படத்தில் லாராவின் மெட்டு அளவுக்கு மீறித் திரும்புகின்றது என்பது எமது அபிப்பிராயம். எனினும் போலி நிலத்தில் எடுத்த படத்துக்கு உண்மை நிலத்தின் ஒலி கிடைத்தது.

எமது மலைநாடு இத்தகைய செவியைக் கண்டதில்லை. கித்துல்கலை தாய்லாந்தாக நடித்தது. கண்டிச் சுற்றுப்புறம் 1984இல் வெளியான 'இந்தியானா ஜோன்ஸ்' படத்தில் இந்தியக் கிராமமாயிற்று. காடும் மலையும் இரவல் போயின. எங்கள் பெரையின் ஒலியை எவரும் கேட்டு வரவில்லை.

ஜாரும் எப்போதும் வென்றவரல்லர். 'ஏ பாசேஜ் டு இந்தியா' (1984) அவருக்கு மூன்றாவது ஒஸ்காரைத் தந்தது. அவ்விசையில் இந்தியாவைக் காட்டிலும் அங்கு வந்திறங்கிய ஆங்கிலேயரின் திகைப்பே மிகுதி. அவ்வாண்டின் சிறந்த படம் மொஸார்ட்டைப் பற்றிய 'அமடேயஸ்'. மொஸார்ட் போட்டியில் இல்லாதது தமது அதிர்ஷ்டம் என மேடையிலேயே வேடிக்கையாகக் கூறினார் ஜார். அவர் 2009இல் காலமானார்.

கித்துல்கலைக்கு வருவோர் இன்றும் ஆற்றங்கரையில் நின்று சீழ்க்கையடிப்பதுண்டு. அவர்கள் அடிப்பது 'கேர்னல் போகி', ஆர்னோல்டின் மெட்டையன்று.