சேட்டில் எழுதியிருக்கும் பெயர்

நாங்கள் வேலை செய்யும் தொழிற்சாலையில் பிலிப்பைன்ஸ் நாட்டவர்கள் பலர் இருக்கிறார்கள். பொதியிடும் பகுதியில் எங்களோடு நிற்கும் வயதில் மூத்த ஒருவரை எல்லோரும் 'குயா' என்றுதான் கூப்பிடுவோம். அவர்களுடைய பாஷையில் அண்ணன் என்று அர்த்தம். வெள்ளிக்கிழமைகளில் அவர் கூடைப்பந்தாட்டச் சேட்டுப் போட்டுக்கொண்டு வருவார். நெஞ்சில் 'ஜினெப்ரா' என்று பெரிதாக எழுதியிருக்கும். ஏதோ ஊரின் பெயராக்கும் என்று நாங்கள் நினைத்திருந்தோம். ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் கேட்டபோது சிரித்துவிட்டுச் சொன்னார்: அது ஜின். குடிக்கிற ஜின்.

எங்களுக்கு ஒரு கழகம் என்றால் ஊரின் பெயர் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் பள்ளிக்கூடத்தின் பெயர். ஆனால் பிலிப்பைன்ஸ் கூடைப்பந்தாட்டச் சங்கம் நடத்தும் தொடரில் ஊருக்கு ஓர் அணி என்பதே கிடையாது. 1975 ஏப்ரலில் ஆரம்பித்த இது, ஆசியாவின் முதலாவது தொழில்முறைக் கூடைப்பந்தாட்டத் தொடர். அணிகளெல்லாம் கொம்பனிகளுடையவை. சான் மிகுவேல் என்பது பியர், மெரால்கோ என்பது மணிலாவுக்கு மின்சாரம் கொடுக்கும் கொம்பனி, ரெயின் ஓர் ஷைன் என்பது சுவருக்கு அடிக்கும் பெயின்ற். நெடுஞ்சாலை நடத்தும் கொம்பனிக்கும் ஓர் அணி உண்டு.

இந்தப் பழக்கம் அதற்கு முன்பே வந்தது. 1938இல் மணிலாவின் தொழிற்சாலைகளும் வர்த்தக நிறுவனங்களும் சேர்ந்து ஒரு விளையாட்டுச் சங்கம் வைத்திருந்தன. அதிலிருந்து பிரிந்து வந்த அணிகள்தான் 1975இல் புதிய தொடரைத் தொடங்கின. அந்தக் காலத்தில் இரண்டு அணிகளுக்குப் பின்னால் நாடே இரண்டாகப் பிரிந்து நின்றதாம். ஒன்று ரொயோட்டா. மற்றது கிறிஸ்பா என்ற ரீசேட் கொம்பனி. கிறிஸ்பா அணியின் பட்டப்பெயர், துணி தோய்த்த பிறகு சுருங்காமல் இருக்கச் செய்யும் ஒரு முறையின் பெயர்! தையல் ஆலையில் நின்ற எங்களுக்கு இதைக் கேட்டுச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

குயா சிரிக்கவில்லை. 1983 ஆகஸ்டில் எதிர்க்கட்சித் தலைவர் பெனிக்னோ அக்கினோ மணிலா விமான நிலையத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். அதன் பிறகு நாட்டின் பொருளாதாரம் படுத்துவிட்டது. 1984இல் ரொயோட்டா தன் அணியை விற்றது. மெசினை விற்பது போல விளையாட்டுக்காரர்களையும் சேர்த்துத்தான் விற்றார்கள். றொபேர்ட் ஜவோர்ஸ்கியும் பிரான்சிஸ் ஆர்னயிஸும் மாத்திரம் புது முதலாளியிடம் போக மாட்டோம் என்று மறுத்து, ஒரு ஜின் கொம்பனியின் அணிக்குப் போனார்கள். அந்த அணிதான் அடுத்த வருடம் ஜினெப்ரா ஆனது. ஜவோர்ஸ்கி அதில் விளையாடிக்கொண்டே பயிற்சியாளராகவும் இருந்தார். 1998இல் செனற்றராகவும் தெரிவானார். குயா அந்தச் சேட்டை ஏன் போடுகிறார் என்று அன்றைக்குத்தான் எங்களுக்கு விளங்கியது. நாங்கள் முன்பு நின்ற ஓர் இடம் கைமாறியபோது, அறிவித்தல் பலகையைப் பார்த்துத்தான் எங்களுக்கே தெரியவந்தது. மறுக்க எங்களுக்குத் தைரியம் வரவில்லை.

கிறிஸ்பாவும் 1984 முடிவோடு போய்விட்டது. அலஸ்கா என்ற பால் கொம்பனி 1986 முதல் வைத்திருந்த அணியை 2022இல் விற்றது. 14 தடவை வென்ற அணி அது.

இருந்தாலும் கூடைப்பந்துக்குக் காசு இருந்தது. மற்ற விளையாட்டுக்காரர்களின் கதை வேறு. ஹிடிலின் டியஸ் என்ற பெண்ணைப் பற்றிச் சொல்ல வேண்டும். சம்போவங்கா ஊரைச் சேர்ந்தவர். தகப்பன் மூன்று சக்கர வண்டி ஓட்டியவர். சின்ன வயதில் வீட்டுக்குத் தண்ணீர் சுமந்த பிள்ளை பாரம் தூக்கும் வீராங்கனையானார். 2016இல் ரியோ ஒலிம்பிக்கில் வெள்ளி வென்றார். 20 வருடங்களாக ஒரு பதக்கமும் இல்லாதிருந்த நாட்டுக்கு அது பெரிய காரியம்.

அப்படிப்பட்டவர் 2019இல், தனியார் கொம்பனிகளிடம் அனுசரணை கேட்டால் பிழையா, கேட்க வெட்கமாக இருக்கிறது, ஆனால் கஷ்டப்படுகிறேன் என்ற கருத்தில் பகிரங்கமாக எழுத வேண்டி வந்தது. ஒலிம்பிக் வெள்ளிப் பதக்கத்தைக் கையில் வைத்துக்கொண்டு! புதிதாக வந்த நாட்டில் உதவி கேட்டுக் கந்தோர் கந்தோராக நின்ற எங்களுக்கு அந்த வெட்கம் எப்படிப்பட்டதென்று ஒருவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. பிறகு சிலர் உதவினார்கள். 2020இல் மலேசியாவில் பயிற்சிக்குப் போன இடத்தில் கொரோனாவால் அகப்பட்டு, மூங்கில் தடியில் தண்ணீர்ப் போத்தல்களைக் கட்டித் தூக்கிப் பழகினார்.

2021 ஜூலை 26ஆம் திகதி ரோக்கியோவில், 55 கிலோ பிரிவில், மொத்தமாக 224 கிலோ தூக்கினார். 1924 முதல் ஒலிம்பிக்குக்குப் போய்வந்த பிலிப்பைன்ஸுக்கு, 97 வருடங்களில் கிடைத்த முதலாவது தங்கம் அது.

அதன் பிறகு பார்க்க வேண்டுமே. 2015ஆம் ஆண்டுச் சட்டப்படி அரசாங்கம் 10 மில்லியன் பெசோ கொடுத்தது. அது அப்போது ஏறக்குறைய 2 இலட்சம் அமெரிக்க டொலர். பெரிய முதலாளிகளும் ஆளுக்கு 10 மில்லியன் என்றார்கள். ஒரு கொம்பனி அடுக்குமாடியில் வீடு, இன்னொன்று ஆயுளுக்கும் இலவசப் பெற்றோல், விமானக் கொம்பனிகள் ஆயுளுக்கும் இலவசப் பயணம். 2024இல் பரிசில் கார்லோஸ் யூலோ ஜிம்னாஸ்ரிக்கில் இரண்டு தங்கம் வென்றபோதும் இதே கதைதான். அவருக்கு வீட்டோடு ஆயுளுக்கும் இலவசச் சாப்பாடு தர உணவகங்கள் போட்டி போட்டன. உடம்பை ஒறுத்துப் பழகும் ஜிம்னாஸ்ரிக்காரனுக்கு வயிறு முட்டச் சாப்பாடு!

வென்ற பிறகு கொடுப்பது கொம்பனிக்கு மலிவான விளம்பரம் என்பதுதான் எங்கள் அபிப்பிராயம். தோற்றவருக்கு ஒன்றும் கொடுக்கத் தேவையில்லையே. சொன்னதைக்கூட எல்லோரும் கொடுப்பதில்லை. 1996இல் அற்லாண்டாவில் குத்துச்சண்டையில் வெள்ளி வென்ற மன்சுவெற்றோ வெலாஸ்கோ, தனக்கு வாக்களித்தவற்றில் பல வந்து சேரவே இல்லையென்று 25 வருடங்களுக்குப் பிறகும் சொல்லவேண்டியிருந்தது.

இதை இங்கே எழுதுவதற்கு ஒரு காரணம் உண்டு. எங்கள் பிள்ளைகள் புதிதாகத் தொடங்கிய கழகத்துக்குச் சேட்டும் பந்தும் வாங்க, வருகிற ஞாயிற்றுக்கிழமை எங்கள் ஆட்களின் கடைகளுக்கு வருகிறோம். கடையின் பெயரைச் சேட்டில் போடுவோம், அதில் எங்களுக்குக் குறையில்லை. கிண்ணம் வென்றுகொண்டு வாருங்கள், பிறகு பார்ப்போம் என்று மட்டும் தயவுசெய்து சொல்லாதீர்கள். குயா முதல் ஆளாக 20 டொலர் தந்துவிட்டார். பற்றுச்சீட்டுப் புத்தகத்தில் முதலாவது இலக்கம் அவருடையது.