வரப்பைக் காக்கும் அருகம்புல்

அருகம்புல் தரையோடு படர்ந்து பல ஆண்டுகள் வாழும் புல். தாவரவியலில் இதன் பெயர் சைனோடான் டாக்டைலான். மண்மேல் ஓடும் தண்டு கணுவுக்குக் கணு வேர்விட்டுக்கொண்டே நகரும். மண்ணுக்குள் வெளிறிய இன்னொரு தண்டு கூர்முனையால் துளைத்துக்கொண்டு பக்கவாட்டில் போகும். இலை தண்டைத் தழுவும் இடத்தை விலக்கிப் பார்த்தால் நுண்ணிய வெண்மயிர் வரிசை தெரியும். பூக்கும்போது நுனியில் விரித்த விரல்களைப் போல 3 முதல் 7 மெல்லிய கதிர்கள் பிரிந்து நிற்கும்.

கரும்பையும் சோளத்தையும் போல இதுவும் சி4 வகை ஒளிச்சேர்க்கை செய்வதால் கடும் வெயிலிலும் குறைந்த நீரிலும் செழிக்கிறது. மழை பொய்த்து மேற்புல் கருகினாலும் நிலத்தடித் தண்டு சாவதில்லை. ஒரு மழை விழுந்ததும் துளிர்க்கிறது. அடர்ந்த வேர்ப்பின்னல் மண்ணைக் கெட்டியாகப் பிடிப்பதால் வரப்பும் வாய்க்கால் கரையும் மழைநீரில் கரையாமல் நிற்கின்றன. இவ்வளவு மலிவான கரைக்காப்பு வேறு கிடைப்பது அரிது.

வளர்மொட்டுகள் தரையை ஒட்டியே இருப்பதால் ஆடுமாடு கடித்தாலும், ஆட்டக்காரர்கள் மிதித்தாலும் புல் மீண்டும் தழைக்கும். மேய்ச்சலுக்கும் மைதானத்துக்கும் இது ஏற்றதாக இருப்பது இதனால்தான். அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்தில் டிஃப்டன் ஆய்வு நிலையத்தின் கிளென் பர்ட்டன் 1943இல் வெளியிட்ட 'கோஸ்டல்' என்ற கலப்பினம் அந்நாட்டின் தென்பகுதி மேய்ச்சல் நிலங்களில் பெருமளவு பரவியது. இளம்புல்லில் புரதம் மிகுதி. முற்றவிட்டால் நார் கூடிச் சத்து குறைந்துவிடும்.

நிழலில் இது நலிகிறது, குளிரில் பழுப்பேறி உறங்குகிறது. மகரந்தம் சிலருக்கு ஒவ்வாமை தருகிறது. கதிர்களில் எர்காட் வகைப் பூஞ்சை பிடித்திருந்தால் அதைத் தின்ற மாடுகளுக்கு நடுக்கம் காணும்.

பெரிய தொல்லை பயிர் நிலத்தில்தான். பருத்தி, கரும்பு, பழத்தோட்டம் எனப் புகுந்த இடத்தில் நீரையும் உரத்தையும் உறிஞ்சிக்கொள்கிறது. ஈரத்தில் உழுதால் கொழு தண்டைத் துண்டாக்கிப் பரப்பும். கணு உள்ள ஒவ்வொரு துண்டும் தனிச்செடியாகும். ஆகவே கோடையில் உழுது தண்டுகளை மேலே கொண்டுவந்து வெயிலில் காயவிட்டு, பொறுக்கி அகற்ற வேண்டும். பிறகு தட்டைப்பயறு போல நிலத்தை மூடி நிழல் தரும் பயிரை விதைத்தால் எஞ்சியதும் ஒடுங்கும். களைக்கொல்லி தெளிப்பதானால் புல் பசுமையாக வளரும்போதே தெளிக்க வேண்டும். காய்ந்து கிடக்கையில் மருந்து அடித்தண்டு வரை இறங்காது. வரப்பிலிருந்து வயலுக்குள் நீளும் தண்டுகளை அண்டை வெட்டும்போதே அறுத்துவிட்டால் வரப்பிலுள்ள புல்லை அழிக்கத் தேவையில்லை.