கடித உறையையும் பத்திரப்படுத்துங்கள்: நீதிமன்ற நியமனங்களும் ஒரு மாதக் கெடுவும்

நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளர், சுருக்கெழுத்தாளர், தட்டெழுத்தாளர் வேலைக்குப் பரீட்சை எழுதி, நேர்முகத்துக்கும் போய்வந்த பிள்ளையின் பெயர் பட்டியலில் இல்லை. தன்னிலும் குறைந்த தகுதியுள்ளவர் தெரிவாகியிருக்கிறார். கிளிநொச்சியிலோ முல்லைத்தீவிலோ வவுனியாவிலோ வீட்டார் முதலில் செய்வது கொழும்புக்கு முறைப்பாட்டுக் கடிதம் போட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பது. வழக்கு அந்தக் காத்திருப்பிலேயே தோற்றுவிடுகிறது.

அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரைப்படி, அடிப்படை உரிமை மீறலுக்கு ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் மனுத் தாக்கல் செய்ய வேண்டும். மீறல் நடந்த நாளிலிருந்து, அல்லது அது தெரியவந்த நாளிலிருந்து கெடு ஓடத் தொடங்கும். அதிகாரிகளுக்குக் கடிதம் எழுதிக்கொண்டிருப்பது கெடுவை நிறுத்தாது என்பதைக் கமஎதிகே எதிர் சிறிவர்தன வழக்கில் 1988இலேயே உயர் நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆகவே முடிவு தெரிவித்த கடிதம் வந்தால், தபால் முத்திரை பதிந்த உறையைக் கிழித்தெறிய வேண்டாம். கடிதத்தில் 2ஆம் திகதி என்றிருந்து, அது உங்கள் கைக்கு 19ஆம் திகதி வந்திருந்தால், அதைக் காட்டுவதற்கு அந்த உறை உதவும்.

யாருக்கு எதிராக மனுப்போடுவது? பதிவாளர், பிஸ்கால், மொழிபெயர்ப்பாளர், சுருக்கெழுத்தாளர், தட்டெழுத்தாளர் போன்றோரை அரசியலமைப்பு அட்டவணைப்படுத்தப்பட்ட அரசாங்க அலுவலர்கள் என்கிறது. இவர்களை நியமிப்பதும் இடம் மாற்றுவதும் நீதிச் சேவை ஆணைக்குழு. பிரதம நீதியரசரும் உயர் நீதிமன்ற நீதியரசர்கள் இருவரும் அதன் உறுப்பினர்கள். அவர்களுக்கு எதிராக அவர்களிடமே எப்படிப் போவது என்ற பயம் நியாயமானதுதான். ஆனால் தன் வழக்கைத் தானே விசாரிக்கக் கூடாது என்பது அடிப்படை விதி. மனுவை மற்ற நீதியரசர்களே கேட்க வேண்டும். நிருவாக மேன்முறையீட்டு நியாயசபையை நம்பி நாளைக் கழிக்கவும் வேண்டாம். அரசாங்க சேவை ஆணைக்குழு, பொலிஸ் ஆணைக்குழு ஆகியவற்றின் தீர்மானங்களைத்தான் அது பார்க்கும்.

கிடைக்காத வேலை எல்லாம் மீறப்பட்ட உரிமை ஆகாது. பரீட்சையில் சித்தியடைந்தவருக்கெல்லாம் நியமனம் பெறும் உரிமை வந்துவிடாது. வர்த்தமானியில் இல்லாத தகுதியை இடையில் சேர்த்திருந்தால், விண்ணப்பங்கள் வந்தபின் ஆட்சேர்ப்புத் திட்டத்தை மாற்றியிருந்தால், புள்ளித்திட்டமே இல்லாமல் நேர்முகம் நடத்தியிருந்தால், 12(1)ஆம் உறுப்புரையின் சமத்துவ உரிமையைக் காட்டி வாதாடலாம். மொழி விடயத்தை நம்மவர்கள் கட்டாயம் அறிந்திருக்க வேண்டும். வடக்கில் நீதிமன்றப் பதிவேடு தமிழில். அரச சேவைப் பரீட்சையைத் தமிழில் எழுதும் உரிமையை 22(5) தருகிறது. உள்ளே சேர்ந்தபின் நியாயமான காலத்துக்குள் சிங்களம் படிக்கச் சொல்லலாம். அதை மீறல் என்று வாதாடினால் எடுபடாது.

சமத்துவ உரிமை வாதத்துக்கு முன்னுதாரணமும் உண்டு. இன விகிதாசாரப்படி பதவி உயர்வு கொடுக்கச் சொன்ன 15/90 சுற்றறிக்கையை எதிர்த்துச் சுங்கத் திணைக்கள அதிகாரி ராமுப்பிள்ளை உயர் நீதிமன்றம் போனார். பதவி உயர்வில் அப்படிப் பங்கு பிரிப்பது சமத்துவத்துக்கு முரண் என்று தீர்ப்பாயிற்று. இந்தியாவிலும், டில்லி தீஸ் ஹசாரி நீதிமன்ற ஊழியர் நியமனம் பற்றிய ரேணு வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம், நீதிமன்றங்களும் பகிரங்க விளம்பரம் இல்லாமல் ஆள் எடுக்க முடியாது என்றது. அது இங்கே கட்டுப்படுத்தாது என்றாலும், சட்டத்தரணி எடுத்துக்காட்டலாம்.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் (2016ஆம் ஆண்டு 12ஆம் இலக்கம்) நீதிமன்றங்களும் அடங்கும். உங்கள் புள்ளிகளையும் புள்ளித்திட்டத்தையும் கேளுங்கள். ஆனால் பதிலுக்கு 14 வேலை நாள் அவகாசம் உண்டு; அதுவே ஏறக்குறைய மூன்று வாரம். கேட்பதானால் முடிவு தெரிந்த அன்றே கேளுங்கள், மனுவைப் பதில் வரும்வரை ஒத்திப்போட வேண்டாம்.

கெடுவை நிறுத்த ஒரு வழி மட்டும் உண்டு. அதே ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நிலுவையிலுள்ள காலம் கணக்கில் சேராது என்று 1996ஆம் ஆண்டு 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவு சொல்கிறது. வவுனியாவில் பிராந்திய அலுவலகம் இருப்பது வன்னிக்கு வசதி. முறைப்பாட்டு இலக்கத்தோடு மட்டும் திரும்பிவிடாதீர்கள். விசாரணை உண்மையில் நடக்கிறது என்பதற்கு எழுத்துமூல ஆதாரம் வேண்டும்; வெறும் முறைப்பாடு போதாது என்று உயர் நீதிமன்றம் மனுக்களைத் தள்ளியிருக்கிறது.

மாதம் கடந்துவிட்டால் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை கோரலாம். அதற்குக் குறித்த கெடு இல்லை, ஆனாலும் காரணமில்லாத தாமதம் பாதகமாகும். எந்த மனுவானாலும், தெரிவானவர்களையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவர்கள் வேலை பறிபோகக்கூடும் என்பதால் அவர்களைக் கேளாமல் நீதிமன்றம் முடிவெடுக்காது. ஒரே அலுவலகத்தில் சொந்தக்காரரும் அயலவரும் இருக்கும் ஊரில் இது மனதுக்குக் கஷ்டமான வேலை. பெயரை விட்டுவிட்டால் மனு அந்தக் குறையாலேயே விழும்.

நீதிமன்ற வேலை எடுத்துத் தருகிறேன் என்று காசு கேட்பவருக்குக் கொடுத்தால், கொடுத்தவரும் குற்றவாளி. கேட்ட உடனேயே இலஞ்ச ஆணைக்குழுவின் 1954 இலக்கத்துக்கு அறிவியுங்கள். சட்டத்தரணிக்குக் கொடுக்க வசதியில்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவின் வவுனியா நிலையத்துக்கு வர்த்தமானிப் பிரதி, விண்ணப்பப் பிரதி, பரீட்சை அனுமதி அட்டை, நேர்முகக் கடிதம், முடிவுக் கடிதம், அதன் உறை எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு முதல் வாரத்திலேயே போக வேண்டும். கொழும்பு புதுக்கடையிலுள்ள உயர் நீதிமன்றத்தில் மனுத் தாக்கலாவதற்கு முன் சத்தியக்கடதாசி தயாராக வேண்டும், அதற்கே நாள் பிடிக்கும்.