கர்தினால் பெசாரியோன்

கர்தினால் பெசாரியோன் (இறப்பு: நவம்பர் 18, 1472) பைசாந்தியப் பேரரசின் கடைசிக் காலத்தில் வாழ்ந்த கிரேக்க அறிஞர் ஆவார். கிழக்கு மரபுவழித் திருச்சபையின் பேராயராக இருந்த இவர், பின்னர் கத்தோலிக்க திருச்சபையின் கர்தினாலாக உயர்ந்தார். இவர் சேகரித்த கையெழுத்துப் பிரதிகளே வெனிசு நகரின் மார்சியானா நூலகத்திற்கு அடித்தளமாக அமைந்தன.

இளமை

கருங்கடல் கரையிலுள்ள திரெபிசோந்து நகரில் பிறந்தார். கான்ஸ்டான்டிநோபிளில் கல்வி கற்றுத் துறவியானார். பிறகு மிஸ்திராவில் மெய்யியலாளர் பிளேத்தோனிடம் பயின்றார். 1437இல் நைசியாவின் பேராயரானார்.

புளோரன்சு சங்கம்

உதோமானியத் துருக்கியர் பேரரசை நெருக்கிவந்த காலம் அது. மேற்கு நாடுகளின் படையுதவியை எதிர்பார்த்த பேரரசர் எட்டாம் யோவான், பிரிந்திருந்த இரு திருச்சபைகளையும் இணைக்க முயன்றார். இதற்காகக் கூடிய பெராரா–புளோரன்சு சங்கத்தில் (1438–1439) கிரேக்கர் தரப்பில் பேசியவர்களுள் பெசாரியோனும் ஒருவர்.

தூய ஆவியார் தந்தையிடமிருந்து மட்டும் புறப்படுகிறாரா, மகனிடமிருந்துமா என்பது முதன்மையான சிக்கல். இது பற்றிய புனித பசிலியாரின் நூற்பகுதி ஒன்று சில பிரதிகளில் இருந்தது, சிலவற்றில் இல்லை. பெசாரியோன் பழைய பிரதிகளை ஒப்பிட்டு, அப்பகுதி மூலத்திலேயே இருந்தது என்ற முடிவுக்கு வந்து, இணைப்பை ஆதரித்தார். 1439 சூலை 6 அன்று இணைப்பு ஆணையைக் கிரேக்க மொழியில் வாசித்தவர் இவரே. ஆனால் கான்ஸ்டான்டிநோபிள் மக்களில் பெரும்பாலோர் அதை ஏற்கவில்லை. அதே ஆண்டு டிசம்பரில் திருத்தந்தை நான்காம் யூஜின் இவரைக் கர்தினாலாக்கினார். அதன்பின் இவரது வாழ்வு இத்தாலியிலேயே அமைந்தது.

கர்தினாலாக

1450 முதல் 1455 வரை பொலோனியாவில் திருத்தந்தையின் பிரதிநிதியாக இருந்து, அங்குள்ள பல்கலைக்கழகத்தைச் சீரமைத்தார். 1455இல் திருத்தந்தைத் தேர்தலில் இவர் பெயர் வலுவாக அடிபட்டது. கிரேக்கர் என்பதும், தாடி வைத்திருந்தார் என்பதும் இவருக்கு எதிராகக் கூறப்பட்டன.

1460இல் சிலுவைப்போருக்கு ஆதரவு திரட்டச் செருமானிய நாடுகளுக்குச் சென்றார். அம்முயற்சி பலிக்கவில்லை. எனினும் வியன்னாவில் வானியலாளர்கள் பூர்பாக், ரெகியோமொண்டானுஸ் ஆகியோரைச் சந்தித்து, தாலமியின் வானியல் நூலுக்குச் சுருக்கம் எழுதத் தூண்டினார். பூர்பாக் 1461இல் இறந்ததால் ரெகியோமொண்டானுஸ் அதை முடித்தார். 1496இல் அச்சான அந்நூல் பின்னாளில் கோபர்நிக்கசுக்குப் பயன்பட்டது.

நூல் சேகரிப்பு

1453இல் கான்ஸ்டான்டிநோபிள் வீழ்ந்தது. நாட்டோடு கிரேக்க நூல்களும் அழிந்துவிடும் என அஞ்சிய பெசாரியோன், ஆட்களை அனுப்பிப் பிரதிகளைத் தேடினார். கிடைத்தவற்றைப் படியெடுக்கச் செய்தார். 1468இல் 482 கிரேக்கப் பிரதிகள், 264 லத்தீன் பிரதிகள் என மொத்தம் 746 நூல்களை வெனிசுக் குடியரசுக்கு வழங்கினார். கிரேக்கர் பலர் புகலிடம் தேடிவந்த நகரம் என்பதால் வெனிசைத் தேர்ந்தெடுத்தார். கற்க விரும்புவோருக்கு நூல்கள் திறந்திருக்க வேண்டும் என்பது அவரது நிபந்தனை. ஆனால் அவை பல ஆண்டுகள் பெட்டிகளிலேயே கிடந்தன. நூலகக் கட்டிடப் பணி 1537இல்தான் தொடங்கியது.

எழுத்தும் இறுதிக் காலமும்

அரிஸ்டாட்டிலின் 'மீவியற்பியல்' நூலை லத்தீனில் மொழிபெயர்த்தார். பிளேட்டோவைப் பழித்தவருக்கு மறுப்பாக இவர் எழுதிய நூல் 1469இல் உரோமையில் அச்சானது. 1472இல் பிரான்சுக்குத் தூது சென்று திரும்பும் வழியில் இரவென்னாவில் காலமானார். உரோமையின் திருத்தூதர்கள் கோவிலில் அடக்கம் செய்யப்பட்டார்.

இவர் பாடுபட்ட திருச்சபை இணைப்பு நிலைக்கவில்லை. காக்க விரும்பிய நகரமும் வீழ்ந்தது. திரட்டிய நூல்கள் மட்டும் நிலைத்து நின்று, இன்றும் வெனிசில் ஆய்வாளர்களுக்குப் பயன்படுகின்றன.