சேமித்த கோப்பும் திருத்தும் கையும்

சென்ற ஆண்டு ஒரு நாள், கட்டளைக் கலித்துறையின் இலக்கணங் கற்பித்து முடித்து வகுப்பறையை விட்டுப் புறப்படும் வேளையில், தரம் 10 மாணவன் ஒருவன் பின்தொடர்ந்து வந்து, “சேர், செத்த ஆளைத் திரும்ப எழுப்பினால் அது களவோ?” என வினவினான். சாவித்திரியின் கதையைக் குறித்து வினவுகின்றான் போலும் என்றே யான் முதலிற் கருதினேன். அவன் வினவியதோ ‘டயப்ளோ 2’ என்னும் கணினி ஆட்டத்தைப் பற்றி. அன்று அவனுக்கு விடை கூற இயலாது நின்ற யான், பின்னர் அவனிடமே பாடங் கேட்டும், தேடிக் கற்றும் அறிந்தவற்றையே ஈண்டு எழுதப் புகுந்தேன்.

டயப்ளோ 2, அமெரிக்க நாட்டின் பிளிசார்ட் நிறுவனத்தாரால் 2000ஆம் ஆண்டு யூன் மாதத்தில் வெளியிடப்பெற்றது. ஆடுவோன் ஒரு வீரனையோ வீராங்கனையையோ தெரிந்தெடுத்து, அரக்கரைக் கொன்று, அனுபவமும் பொன்னும் படைக்கலங்களும் ஈட்டி, 1ஆம் நிலையிலிருந்து 99ஆம் நிலை வரை உயர முயல்வான். ஒருநாளில் முடியும் ஆட்டமன்று, மாதக்கணக்கில் தொடர்வது. ஆதலின் ஆட்டத்தை நிறுத்துந்தோறும் அவ்வீரனின் வரலாறு முழுவதும் கணினியின் வட்டில் ஒரு கோப்பாக எழுதி வைக்கப்படும். ஆட்டத்தை மீளத் தொடங்கும்போது அக்கோப்பு என்ன கூறுகின்றதோ அதுவே அவ்வீரன். பத்து மாதம் உழைத்துப் பெற்ற வலிமையும், பத்து நொடியில் எழுதிச் சேர்த்த வலிமையும் கோப்பில் ஒரே எண்ணாகவே நிற்கும். கோப்பைத் திருத்துவோர் தோன்றியமைக்கு இதுவே காரணம்.

இனிக் கோப்பின் அமைப்பைக் காண்போம். 2003ஆம் ஆண்டு வெளிவந்த 1.10 என்னும் பதிப்பின் கோப்பையே ஈண்டு எடுத்துக்கொள்கின்றேன். முதல் நான்கு பைற்றுக்களும் 85, 170, 85, 170 என்னும் எண்களாகும். இஃது இவ்வாட்டத்தின் கோப்பே என்பதற்கு அடையாளம், நம் முன்னோர் ஏட்டின் தலைப்பிலிட்ட பிள்ளையார் சுழி போல்வது. அடுத்துப் பதிப்பெண், அதனையடுத்துக் கோப்பின் நீளம், பின்னர்ச் சரிபார்ப்புத் தொகை. வீரனின் பெயர் சற்று அப்பால் வரும். அவனுடைய வலிமை, பொன் முதலியன மேலும் பல நூறு பைற்றுக்கள் தாண்டி, ‘ஜீ, எஃப்’ என்னும் இரண்டு ஆங்கில எழுத்துக்களின் பின்னர்த் தொடங்கும்.

அவ்விடத்திலேதான் புதிதாய்த் திருத்தப் புகுவோன் இடர்ப்படுகின்றான். ஏனெனில் அங்கே எண்கள் பைற்றுக்குப் பைற்று ஒழுங்காக அமையாமல், பிற்றுக்களாக நெருக்கி அடுக்கப்பட்டுள்ளன. 9 பிற்றுக்கள் இன்ன பண்பு என்று கூறும். அதன்பின் அப்பண்பின் அளவு வரும். உடல் வலிமைக்கு 10 பிற்றுக்கள். ஆகவே அதன் உச்சம் 1023. கையிலுள்ள பொன்னுக்கு 25 பிற்றுக்கள். உயிராற்றலுக்கு 21 பிற்றுக்கள் உளவாயினும் அவற்றுள் 8 பின்னத்துக்குரியன. புதிதாய்ப் பிறந்த ‘பாபேரியன்’ வீரனின் உயிராற்றல் 55 எனின், கோப்பில் அது 55ஐ 256ஆற் பெருக்கிய 14,080 என நிற்கும். இதனை அறியாதான் 1000 என்று எழுதினால், வீரன் பலம் பெறுவதற்குப் பதிலாக நான்கு புள்ளிக்குங் குறைந்த உயிருடன் தள்ளாடுவான்!

இன்னுமொரு நுட்பமுண்டு. அளவு சுழியமாயின் அப்பண்பு கோப்பில் எழுதப்படுவதேயில்லை. கையிற் பொன்னில்லாதவனுக்குப் பொன் சேர்க்க வேண்டுமாயின், 9உம் 25உமாக 34 பிற்றுக்களை இடையிற் செருகி, பின்வருவன யாவற்றையும் நகர்த்தி, தலைப்பிலுள்ள கோப்பின் நீளத்தையும் மாற்றுதல் வேண்டும். வீரனின் நிலையோ தலைப்பில் ஓரிடத்திலும் பண்புகளிடையே ஓரிடத்திலுமாக இருமுறை எழுதப்பட்டிருக்கும். இரண்டும் ஒத்திருத்தல் வேண்டும்.

இவையனைத்தையும் செவ்வனே செய்தாலும் சரிபார்ப்புத் தொகை பொருந்தாவிடின் ஆட்டம் கோப்பை ஏற்காது. இத்தொகை என்னை? தமிழ் மாணவருக்கு இதனை விளக்கக் கட்டளைக் கலித்துறையே போதும். நேரசையில் தொடங்கும் அடி, ஒற்று நீங்கலாக 16 எழுத்தும், நிரையசையில் தொடங்கும் அடி 17 எழுத்தும் பெறுமென்பது விதி. ஏடெழுதுவோன் ஓரெழுத்தை விட்டாலோ சேர்த்தாலோ, படிப்போன் எண்ணிப் பார்த்துப் பிழையைப் பிடித்துவிடலாம். ஆயினும் இரண்டெழுத்தை இடம் மாற்றி எழுதினால் எண்ணிக்கை மாறாது; பிழை தப்பிவிடும். டயப்ளோ 2ஐ ஆக்கியோர் அவ்வழியையும் அடைத்துள்ளனர். சரிபார்ப்புத் தொகைக்குரிய நான்கு பைற்றுக்களையும் முதலிற் சுழியமாகக் கொண்டு, கோப்பின் முதற் பைற்றிலிருந்து இறுதிப் பைற்று வரை ஒவ்வொன்றாகக் கூட்டுவர். ஆனால் ஒவ்வொன்றையுங் கூட்டுமுன், அதுவரை வந்த 32 பிற்றுத் தொகையை ஓரிடம் இடப்புறம் நகர்த்தி, விளிம்பில் விழும் பிற்றை வலக்கோடியிற் சேர்த்துக்கொள்வர். சிறு எண்களில் இந்நகர்த்தல் இரட்டித்தலே ஆகும். 2, 5 என்னும் பைற்றுக்களை எடுத்துக்கொள்க. முதலில் 2, இரட்டித்தால் 4, ஐந்தைக் கூட்ட 9. அவற்றையே 5, 2 என மாற்றினால், முதலில் 5, இரட்டித்தால் 10, இரண்டைக் கூட்ட 12. இடம் மாறினால் தொகையும் மாறும்.

எனினும் இது பூட்டன்று. பழுதைக் கண்டறியுங் கருவியே. கணக்கிடும் முறை தெரிந்தவன் தன் திருத்தத்துக்கேற்பத் தொகையையும் புதிதாக எழுதிவிடுவான். பயனர் பலர் இத்தொழிலைத் தாமே செய்யும் திருத்திகளை ஆக்கி வழங்கியதால், கணக்கறியாதாரும் திருத்தலாயினர். இவ்வனுபவம் நிறுவனத்தாருக்குப் புதியதன்று. 1996ஆம் ஆண்டின் இறுதியில் வந்த முதலாம் டயப்ளோவில் வீரர்கள் ஆடுவோரின் வட்டிலேயே இருந்தமையால், இணையத்திற் சேர்ந்து ஆடியோரிடையே போலி வீரர் மலிந்தனர். ஆகவே இரண்டாவதில், இணையத்தில் ஆடுவோரின் வீரர்களைத் தம் சேவையகத்திலேயே வைத்துக் காக்கும் ஒழுங்கு ஒன்றைச் செய்தனர். கோப்பு கைக்கெட்டாதாயின் திருத்துவதெங்ஙனம்? தனியே ஆடுவோரின் கோப்புக்கள் மட்டும் அவரவர் கணினியிலேயே இருந்தன. 2021இல் புதுக்கி வெளியிட்ட பதிப்பிலும் அவ்வாறே.

மாணவனின் வினாவுக்கு வருவோம். அவனும் தோழர் இருவரும் பழைய ஆட்டத்தை ஒரு வீட்டில் மூன்று கணினிகளை இணைத்து ஆடுபவர். அவர்கள் ஆடியது ‘ஹாட்கோர்’ என்னும் கடுமுறை. அம்முறையில் வீரன் ஒருமுறை இறப்பின் இறந்ததே, மீட்சியில்லை. மூவரும் அதற்கு உடன்பட்டே தொடங்கினர். விடுமுறை முழுதும் வளர்த்த தன் வீரன், தனியே ஆடிய ஓரிரவில் இறந்தபோது, இவன் கோப்பைத் திறந்திருக்கின்றான். தொடக்கத்தைச் சுழியமெனக் கொண்டு எண்ணினால், 36ஆம் இடத்துப் பைற்றில் மூன்று குறிப்புக்கள் இருந்தன: 32 விரிவுப் பதிப்பின் வீரன் என்பதற்கு, 4 கடுமுறை என்பதற்கு, 8 இறந்தான் என்பதற்கு. மொத்தம் 44. இவன் எட்டை நீக்கி 36 ஆக்கி, சரிபார்ப்புத் தொகையையுந் திருத்தினான். வீரன் எழுந்தான். மறுநாள் தோழருடன் ஆடினான், அவர் அறிந்திலர்.

“உன் வட்டில், உன் கோப்பு, தனியே ஆடுவதாயின் அது உன் பொழுதுபோக்கு. அவர்களோ தம் வீரரை உண்மையாகவே இழக்கத் துணிந்து உன்னருகே நிற்கின்றனர்” என்றேன். அவன் ஒன்றும் பேசவில்லை. சரிபார்ப்புத் தொகையை எவ்வாறு கணித்தாய் என்று வினவியபோதுதான் முகம் மலர்ந்தது. கரும்பலகையில் அரைமணி நேரம் எழுதிக் காட்டினான். மேலே 2, 5 என்று யான் காட்டிய உதாரணம் அவனுடையதே.

மறுவாரம் தோழரிடம் உண்மையைக் கூறிவிட்டதாக வந்து சொன்னான். ஒருவன் இரண்டு நாள் பேசவில்லையாம். மற்றவன் வினவிய முதல் வினா, அந்தப் பைற்றை எங்ஙனங் கண்டுபிடித்தாய் என்பதே. மூவரும் இப்போது 1ஆம் நிலையிலிருந்து மீளத் தொடங்கியுள்ளனர்.