தவணைக் கடையிலிருந்து மக்களவைக்கு: ஹெச். வசந்தகுமார் (1950–2020)

கன்னியாகுமரியை அடுத்த அகஸ்தீஸ்வரத்தில் 1950 ஏப்ரல் 14 அன்று பிறந்தவர். மேடைத் தமிழுக்குப் பேர்போன குமரி அனந்தன் இவருடைய அண்ணன்.

சென்னைக்குப் போய் வி.ஜி.பி. நிறுவனத்தில் விற்பனையாளராக வேலை பார்த்தார். பொருளை முதலில் வீட்டுக்குக் கொண்டுபோய், பணத்தை மாதாமாதம் கட்டும் தவணை வியாபாரம் பரவிவந்த காலம் அது. 1978-இல் சொந்தமாக வசந்த் அண்ட் கோ கடையைத் தொடங்கினார். டி.வி., ஃபிரிட்ஜ், கிரைண்டர் எல்லாம் சம்பளக்காரர் வீட்டுக்கு எட்டாக்கனியாக இருந்தன. கையில் முழுப் பணம் இல்லாதவரையும் வாடிக்கையாளராக மதித்ததுதான் இவருடைய பெரிய பலம். விளம்பரங்களில் தம் சிரித்த முகத்தையே போட்டார்; தமிழ்நாடு முழுவதும் அந்த முகத்தை அறிந்தது. பின்னர் வசந்த் டி.வி.யும் வந்தது.

அரசியலில் காங்கிரஸ்காரர். நாங்குநேரி சட்டமன்றத் தொகுதியில் 2006, 2016 தேர்தல்களில் வென்றார். 2014 மக்களவைத் தேர்தலில் கன்னியாகுமரியில் பா.ஜ.க.வின் பொன். ராதாகிருஷ்ணனிடம் தோற்றார். 2019-இல் அவரையே சுமார் 2.6 லட்சம் வாக்கு வித்தியாசத்தில் வென்றார். நாகர்கோவில் தொகுதி என்ற பழைய பெயரில் காமராஜரையும் குமரி அனந்தனையும் டெல்லிக்கு அனுப்பிய மண் இது.

பதவிக்காலம் ஓராண்டைச் சற்றே தாண்டிய நிலையில், கொரோனாவுக்குச் சிகிச்சை பெற்றுவந்தவர் 2020 ஆகஸ்ட் 28 அன்று சென்னையில் காலமானார். வயது 70. உடல் அகஸ்தீஸ்வரத்தில் அடக்கம் செய்யப்பட்டது. 2021 இடைத்தேர்தலில் மகன் விஜய் வசந்த் கன்னியாகுமரித் தொகுதியில் வெற்றி பெற்றார்.